காதில் மூன்று முறை சொல்ல வேண்டிய பெயர்

நண்பா,

என் மேசைமேல் ஒரு பிறப்புச் சான்றிதழ் கிடக்கிறது. நெகிழித் தாளுக்குள் வைத்து ஒட்டியிருக்கிறார்கள். தாய் பெயர் இருக்கிறது, தந்தை பெயர் இருக்கிறது. பிறந்த இடம் செங்கல்பட்டு என்றும், பாலினம் பெண் என்றும் அச்சாகியிருக்கின்றன. குழந்தையின் பெயர் என்னும் கட்டத்தில் மட்டும் எழுத்தில்லை.

நாற்பதாண்டுக் காலம் மேடையேறி, தாய்மார் நீட்டிய குழந்தைகளுக்கெல்லாம் தனித்தமிழ்ப் பெயர் சூட்டியவன் நான். அப்படிப்பட்ட என் முன்னால், மூன்று நாளாக அந்தக் கட்டம் வெறுமையாகக் கிடக்கிறது. அது உன் பேத்தியின் பெயருக்கான கட்டம்.

உன் மகள் தேன்மொழி கொண்டுவந்து வைத்தாள். நாவலூர் அலுவலகத்திற்கு அரைநாள் விடுப்புச் சொல்லிவிட்டு, கழுத்தில் தொங்கும் அடையாள அட்டையைக்கூடக் கழற்றாமல் வந்திருந்தாள்.

“பெரிப்பா, பாப்பாவ ஜூன்ல இஸ்கூல்ல சேக்கணும். பேரு இல்லாத சர்டிபிகேட் செல்லாதுங்கறாங்க. பேரு ஏத்தணும். நீங்கதான் சொல்லணும்.”

“நான் ஏனம்மா? பெற்றவள் நீ இருக்கிறாய்.”

“நைனா அப்டிதான் சொல்லிட்டு போச்சு. ‘அண்ணாத்த ஒரு நாளு வருவாரு, அவரு வாயால வக்கட்டும், அதுவரிக்கும் அந்த எடத்துல யாரும் ஒண்ணும் எழுதாதீங்க’ன்னு. நானும் பாப்பா, பாப்பான்னே கூப்ட்டுகினு கீறேன். நாலு வயசு ஆவுது. ஊசி போடற எடத்துல கூட ‘பேபி ஆஃப் தேன்மொழி’ன்னுதான் கூப்புடறாங்க.”

நீ மறைந்து ஓராண்டு ஆகிறது. அதற்கு முன் மூன்றாண்டு நாம் பேசிக்கொள்ளவில்லை. அந்த மூன்றாண்டும் நீ சதுரங்கப்பட்டினத்தில் எனக்காக ஒரு கட்டத்தை வெறுமையாக வைத்துக் காத்திருந்தாய் என்பது எனக்குத் தெரியாது. பேருந்தில் வந்தாலும் ஒன்றரை மணிப் பயணம்தான். நான் வரவில்லை.

ஊருக்கு நீ ‘மைக்கு’. ஒலிபெருக்கி வாடகைக்கு விடுபவனுக்கு ஊர் வைத்த இரண்டரை எழுத்துப் பெயர். உன் உண்மைப் பெயர் குடும்ப அட்டையில் மட்டும் வாழ்ந்தது. எனக்கு அந்த ‘மைக்கு’ பொறுக்கவில்லை. நாம் பழகிய முதல் திங்களிலேயே உனக்கு ‘ஒலிவாணன்’ என்று பெயர் சூட்டினேன். நீ ஒருநாள் முழுவதும் அந்தப் பெயரைச் சுமந்துவிட்டு, மறுநாள் திருப்பிக் கொடுத்துவிட்டாய். “வாணாம் அண்ணாத்த. யாரோ ஒலிவாணனாம்னு எங்கூட்டுக்காரியே வாசல்ல நின்னு பாக்கறா.”

ஆனால் நான் விடுத்த இன்னொரு கட்டளையை நீ ஏற்றாய். என் மேடையில் “ஹலோ, மைக் டெஸ்டிங், ஒன் டூ த்ரீ” என்று ஒலிக்கக் கூடாது என்றேன். “அப்ப இன்னா சொல்லி டெஸ்ட் பண்றது? கம்முனு நின்னா கேக்குமா?” என்று தலையைச் சொறிந்தாய். அன்று மாலையே விடை கண்டாய். மேடையேறி, ஊரில் உள்ளவர்களின் சிறு பெயர்களை ஒவ்வொன்றாகச் சொன்னாய். “குப்பு... பப்பு... சூசை... ராசு... மணி... அம்மு...” திடலில் அந்தந்தப் பெயருக்கு உரியவர்கள் “இன்னாபா?” என்று குரல்கொடுக்க, கூட்டம் சிரித்தது. நான் விளையாட்டு என்று நினைத்தேன். நீ கீழிறங்கி வந்து விளக்கினாய். குப்பு என்றால் கருவி காற்றைத் துப்புகிறதா என்று தெரியும். சூசை என்றால் சீறுகிறதா என்று தெரியும். மணி என்றால் ஒலிபெருக்கிக் கூம்பு அதிர்கிறதா என்று தெரியும். ஆறு பெயர் போதும், எந்தத் திடலையும் அளந்துவிடலாம் என்றாய்.

இலக்கணம் பயின்ற எனக்கு அன்றுதான் உறைத்தது. வல்லினம், மெல்லினம் என்று நான் ஏட்டில் படித்ததை நீ காற்றில் படித்திருந்தாய்.

அங்கிருந்துதான் நம் ஆராய்ச்சி தொடங்கியது. உன் குட்டியானை வண்டியின் முன்னிருக்கையில், பின்னால் கூம்புகளும் பெட்டிகளும் உருள, செங்கல்பட்டிலிருந்து திருக்கழுக்குன்றம், அங்கிருந்து மாமல்லபுரம், நெம்மேலி, கோவளம் என்று கூட்டம் கூட்டமாய்ச் சென்ற வழியெல்லாம் நாம் பெயர்களைத் தோண்டினோம். வீட்டில் அழைக்கும் பெயர்கள் ஏன் உதட்டிலேயே பிறக்கின்றன என்று நீ ஒருமுறை கேட்டாய். “அம்மு, அப்பு, பாப்பு, பப்பு, குப்பு... எல்லாம் ஒதட்ட ஒட்டிப் பிரிக்கறதாவே கீதே, இன்னா அது?” பல் முளைக்காத குழந்தைக்கு உதடுதான் முதற்கருவி; அது தன்னால் சொல்ல முடிந்ததைச் சொல்கிறது, பெற்றோர் அதையே பெயராக எடுத்துக்கொள்கிறார்கள் என்றேன். நீ வண்டியை ஓட்டியபடியே நெடுநேரம் உதட்டை ஒட்டிப் பிரித்துப் பார்த்துக்கொண்டிருந்தாய். நெம்மேலியில் கடல்நீரைக் குடிநீராக்கும் ஆலையைக் கடக்கும்வரை உன் வாயில் ‘ப, ம, ப, ம’ தான்.

உங்கள் தெருவில் பாதி வீடு மாதாவை வணங்கும் வீடு. சின்னப்பன், இராயப்பன் என்னும் பெயர்களின் வேர் என்ன என்று உனக்கு ஐயம். ‘பவுல்’ என்னும் பெயருக்கு இலத்தீனில் சிறியவன் என்று பொருள். அதைத் தமிழ்ப்படுத்தியவர்கள் சின்னப்பன் என்றார்கள் என்று சொன்னேன். “அப்ப அவரு குள்ளமா?” என்றாய். பேதுருவைத்தான் இராயப்பன் என்பார்கள்; பேதுரு என்றால் பாறை. தெலுங்கில் ‘ராயி’ என்றால் கல். இராயப்பன் அந்த வழியில் வந்திருக்கலாம் என்று சிலர் கருதுகின்றனர் என்றேன். நீ வண்டியை ஓரங்கட்டிவிட்டுச் சிரித்தாய். “எங்க தெரு ராயப்பன் மண்டையப் பாத்தா கருத்துன்னே வாணாம் அண்ணாத்த. கல்லுதான்.”

உன் தந்தையை நீ ‘நைனா’ என்றது எனக்கு நெருடல். ‘அப்பா’ என்னும் நற்றமிழ்ச் சொல் இருக்க இரவற்சொல் ஏன் என்று கடிந்தேன். “எங்க நைனாவ அப்பான்னு கூப்ட்டா, யாரு புள்ள காணாப்பூட்ச்சின்னு எட்டிப் பாப்பாரு” என்றாய். உன்னிடம் தோற்ற சொற்போர்களை நான் எந்த மேடையிலும் சொன்னதில்லை. இங்கே எழுதுகிறேன்.

இன்னொரு தோல்வியும் உண்டு. நீண்ட பெயர்தான் நிமிர்ந்த பெயர் என்பது என் கொள்கை. காலங்காலமாக இரண்டெழுத்தில் ஏவப்பட்ட மக்களுக்கு ஆறெழுத்திலும் ஏழெழுத்திலும் பெயர் வேண்டும்; அழைப்பவன் மூச்சை இழுத்துவிட்டு அழைக்க வேண்டும்; அந்த இழுப்பில் ஒரு மதிப்புப் பிறக்கும் என்று முழங்குவேன். ஒருநாள் வேறெதையோ பேசும்போது, பழைய வள்ளல்கள் எழுவரில் நால்வர்க்கு ஈரெழுத்துப் பெயர்தான் என்று சொல்லிவிட்டேன். நீ அதைப் பிடித்துக்கொண்டாய். “தேர குடுத்தவனுக்கே ரெண்டெழுத்து போதுமா? அப்பால எங்களுக்கு மட்டும் எதுக்கு அண்ணாத்த ரயிலு பொட்டியாட்டம் பேரு?”

அப்போது மாமல்லபுரத்துத் தேநீர்க் கடையில் நின்றிருந்தோம். இன்னொரு தேநீர் சொன்னேன்.

இருந்தும் உன் மகளை என்னிடம்தான் கொடுத்தாய். மூன்று திங்கள் குழந்தையாக மேடைக்கு வந்தாள். அது நம் கூட்டங்களின் மரபு: பேச்சின் நடுவே தாய்மார் குழந்தையோடு ஏறுவார்கள், நான் வாங்கி, கூட்டத்தை நோக்கி உயர்த்தி, ஒலிபெருக்கியில் பெயரை மூன்று முறை அறிவிப்பேன், கூட்டம் கைதட்டும், பெயர் நிலைத்துவிடும். ‘தேன்மொழி’ என்றேன். நீ வீட்டிற்குப் போகும் முன்பே அவள் ‘தேனு’ ஆகிவிட்டாள். நாவலூர் அலுவலகத்தில் வடநாட்டார் ‘டென்’ என்கிறார்களாம். நான் சூட்டிய பெயர்களெல்லாம் வீட்டுக்குள் நுழைந்ததும் செருப்பைக் கழற்றுவதுபோல் எழுத்துகளைக் கழற்றிவிடுகின்றன. ஏன் அப்படி என்று அன்றே நான் கேட்டிருக்க வேண்டும். எனக்குக் கேட்கத் தெரிந்ததெல்லாம் ஏட்டுப் பெயர்களின் வேர்தான் போலும்.

அந்த நாளுக்கு வருகிறேன்.

தேன்மொழியின் முதற்குழந்தை ஒன்பது நாள் இருந்து போயிற்று. இரண்டாவதாகப் பிறந்தவளுக்கு உங்கள் ஊரிலேயே, பழைய கோட்டைச் சுவருக்கு எதிர்த் திடலில் நடந்த கூட்டத்தில் பெயர் சூட்ட ஏற்பாடு. வண்டியில் நாம் போய்க்கொண்டிருந்தோம். கல்பாக்கம் திருப்பத்தில் வேகத்தைக் குறைத்தாய்.

“அண்ணாத்த, ஒண்ணு கேக்கறேன். திட்டாத.”

“கேள்.”

“நீ இன்னா பேரு வேணா வை. எவ்ளோ நீட்டு வேணா வை. ஆனா அதுக்கு மின்னாடி, மைக்கு இல்லாம, பாப்பா காதுல மட்டும் மூணு வாட்டி எங்கம்மா பேர சொல்லிடு.”

உன் தாயின் பெயர் தவுடு. தவிடு என்பதை நம் பக்கத்து வாய் அப்படித்தான் சொல்லும். நாற்று நடவுக்குப் பெண்களைத் திரட்டிக்கொண்டு போனவர் அவர். நான் ஓரிருமுறை பார்த்திருக்கிறேன். உரத்த குரல். அவர் இறந்து அப்போதே பல்லாண்டு ஆகியிருந்தது.

“மூடநம்பிக்கை” என்றேன். “இழிபெயரைப் பச்சிளம் காதில் சொல்ல என் நாக்கு எழாது.”

நீ வண்டியை ஓட்டினாய். ஏன் அந்தப் பெயர், ஏன் மூன்று முறை, ஏன் நான் என்று நான் கேட்கவில்லை. இராயப்பனின் வேரைத் தேடித் தெலுங்குவரை போனவன், பக்கத்து இருக்கையில் இருந்தவனின் தாய் பெயருக்கு ஒரு கேள்வி செலவிடவில்லை.

மேடை ஏறினேன். கடற்காற்று வலுத்திருந்தது, நீ ஒலிவாங்கியின் தலையில் துணி சுற்றியிருந்தாய். வண்டியில் நீ கேட்டது எனக்குள் கனன்றுகொண்டிருந்தது. சொற்பொழிவாளனுக்குச் சினம் வந்தால் அதைச் செரிக்கும் பழக்கம் இல்லை. மேடையில் இறக்கிவைப்பதே பழக்கம். தேன்மொழி குழந்தையோடு ஏறினாள். நான் கையில் வாங்கிக்கொண்டு தொடங்கினேன்.

“யார் எம் மக்களுக்குக் குப்பை என்று பெயர் வைத்தது? யார் பிச்சை என்று வைத்தது? இதே திடலில், இந்த ஒலிபெருக்கியின் அருகில் என் நண்பன் நிற்கிறான். அவனைப் பெற்றவளின் பெயர் என்ன தெரியுமா? தவிடு! மாட்டுத் தொட்டியில் கரைக்கும் தவிடு! பண்ணையாரின் வாய் துப்பிய அந்த எச்சிலை அவள் சாகும்வரை துடைக்கவில்லை! இன்று அவள் கொள்ளுப்பேத்திக்கு நான் சூட்டுகிறேன் -”

ஒலி நின்றது.

என் வாய் அசைந்தது; திடலுக்கு அலையோசை மட்டுமே கேட்டது. குழந்தை வீறிட்டு அழுதது. பின்வரிசையில் ஒருவன், “இன்னாபா, பேரு வக்காமயே எறக்கறியா?” என்று கூவ, சிலர் சிரித்தார்கள். சிலர் சிரிக்கவில்லை. முன்வரிசைப் பெண்கள் சிலர் எழுந்து நின்றிருந்தார்கள். உன் தாயோடு நடவுக்குப் போனவர்களாக இருக்க வேண்டும்; அவர்கள் முகத்தை நான் அப்போது பார்க்கவில்லை, இப்போது பார்க்கிறேன்.

கீழிறங்கி உன்னிடம் வந்தேன். அந்தப் பதற்றத்தில் என் தனித்தமிழும் என்னைக் கைவிட்டது. “ஒயர் லூசா?” என்றேன்.

“ஒயரு லூசு இல்ல அண்ணாத்த. நான்தான் புடுங்கினேன்.”

“ஏன்?”

“எங்கம்மா பேரு நாறுதுன்னு என் பாக்ஸுலயே சொல்லுவ, எங்க ஊர்லயே சொல்லுவ, நான் கேட்டுகினு வால்யூம் வக்கணுமா?”

“உன் தாயை நான் இழிக்கவில்லை. அந்தப் பெயரை வைத்தவனை இழித்தேன்.”

“வச்சது யாருன்னு ஒனுக்குத் தெரியுமா?”

தெரியும் என்ற மிடுக்கில் திரும்பி நடந்தேன். வேறொருவர் வண்டியில் செங்கல்பட்டுக்கு வந்துசேர்ந்தேன். நீ கம்பியைச் சுற்றிக்கொண்டிருந்தது கண்ணாடி வழியே தெரிந்தது. நாம் பேசிய இறுதி உரையாடல் அதுதான். பிறகு என் கூட்டங்களுக்கு வேறொருவன் ஒலிபெருக்கி கட்டினான். அவன் “ஹலோ, ஒன் டூ த்ரீ” என்றுதான் தொடங்கினான். நான் தடுக்கவில்லை.

உனக்கு ஒன்று சொல்லாமல் விட்டிருக்கிறேன், நண்பா. ஊரறிந்த என் ஒன்பதெழுத்துப் பெயர் நானே சூட்டிக்கொண்டது. பத்தொன்பது அகவையில், கல்லூரித் தமிழ் மன்றத்தில், பழைய பெயரைத் தாளில் எழுதிக் கொளுத்திவிட்டு இதை எடுத்துக்கொண்டேன். கொளுத்திய பெயர் பிச்சை. பள்ளியில் ஆசிரியர் வருகைப் பதிவு எடுக்கும்போது “பிச்சை” என்பார், பின்னிருக்கையிலிருந்து ஒருவன் கையேந்தி, “அம்மா, தாயே” என்பான், ஆசிரியரும் சிரிப்பார். ஆண்டுதோறும், வகுப்புதோறும் அது நடந்தது. என் மேடைச் சினத்தின் வேர் அந்த வருகைப் பதிவில் இருக்கிறது. உன் தாயின் பெயரைச் சொல்லி நான் முழங்கியபோது, உண்மையில் அந்தப் பின்னிருக்கைக்காரனிடம்தான் பேசிக்கொண்டிருந்தேன். நீ அதை அறிய வழியில்லை.

மூன்று நாள் முன்பு, சான்றிதழை மேசையில் வைத்துவிட்டுத் தேன்மொழி கேட்டாள்: “தவுடுன்னா இன்னான்னு நைனா ஒங்களுக்குச் சொல்லவே இல்லியா பெரிப்பா?”

“நான் கேட்கவில்லை அம்மா.”

“நீங்க கேக்காம வுட்ட பேருகூட கீதா?” என்று வியந்தவள், என் முகத்தைப் பார்த்துச் சிரிப்பை அடக்கிக்கொண்டு சொன்னாள்.

உன் தாய்க்கு முன்னே அந்த வீட்டில் மூன்று பிள்ளைகள் பிறந்து தங்கவில்லை. நான்காவது பிறந்ததும், பக்கத்து வீட்டுச் சவரியம்மாள் ஒரு முறம் நிறையத் தவிடு கொண்டுவந்து வாசலில் வைத்தார். “இந்தத் தவுட்டுக்கு இந்தப் புள்ளய நான் வாங்கிக்கினேன். இது இனிமே என் புள்ள” என்று சொல்லி, குழந்தையின் காதில் மூன்று முறை ‘தவுடு’ என்று அழைத்துவிட்டுத் தம் வீட்டுக்குத் தூக்கிப்போனார். பெற்றவள் நாளும் பலமுறை அங்கே போய், யார் வீட்டுப் பிள்ளைக்கோ பால் கொடுப்பதுபோல் கொடுத்துவிட்டு வந்தாள்.

“எமன் வந்து எங்க வூட்ல பாப்பானாம். புள்ள இல்ல. பக்கத்து வூட்ல பாத்தா, தவுட்டுக்கு வாங்கின புள்ள. இத எடுத்துகினு போயி இன்னா பண்றதுன்னு போயிடுவானாம். பொழச்சிக்கிச்சி. அப்பால ஆயா சாவற வரிக்கும் ரெண்டு வூடு அதுக்கு. சவரியம்மா செத்தப்ப ஆயாதான் மொத மண்ணு போட்டுச்சாம்.”

பண்ணையார் எங்கும் இல்லை. அந்தப் பெயரில் அவருக்கு ஓரெழுத்துகூடச் சொந்தமில்லை.

“அப்படியானால் உன் அப்பாவே குழந்தையின் காதில் சொல்லியிருக்கலாமே” என்றேன்.

“வூட்டு ஆளு சொல்லக்கூடாது பெரிப்பா. வெளி ஆளு சொல்லணும். யாரு சொல்றாங்களோ அவங்க புள்ள ஆயிடும், அதான் கணக்கு. மொத கொழந்த போனதுக்கப்புறம் நைனாவுக்கு பயம். ஸ்கேன் எல்லாம் நார்மல்னு டாக்டர் சொல்லியும் நம்பல. ‘எனுக்கு வெளில அண்ணாத்தய வுட்டா யாரு கீறாங்க’ன்னு சொல்லிச்சு.”

நண்பா, நீ என்னிடம் கேட்டது ஒரு சொல் என்று நினைத்திருந்தேன். நீ என்னைச் சவரியம்மாள் நின்ற இடத்தில் நிற்கச் சொல்லியிருக்கிறாய். உன் பேத்தியை என் பிள்ளை என்று வாங்கிக்கொள்ளச் சொல்லியிருக்கிறாய். ஏறத்தாழ முப்பதாண்டு நட்பில் நீ கேட்ட ஒன்று அது. அதைத்தான் நான் ஒலிபெருக்கியில் மாட்டுத் தொட்டிக்குள் வீசினேன்.

எமனை நான் இன்றும் நம்பவில்லை. அதில் மாற்றமில்லை, உன் படத்தின் முன் நின்றாலும் சொல்வேன். சவரியம்மாளை நம்புகிறேன். இன்னொருத்தியின் பிள்ளையைத் தன் வீட்டுக்குள் தூக்கிப்போய், சாவு வந்தால் என்னைத் தாண்டி வரட்டும் என்று கதவை அடைத்தவரை நம்பாமல் நான் வேறு எதை நம்புவது?

இப்போது இன்னொரு கேள்வி என்னைக் குடைகிறது. என் தாய் என்னை யாரிடம் பிச்சை கேட்டாள்? எனக்கு முன்னே எங்கள் வீட்டில் எத்தனை தொட்டில் வெறுமையாயிற்று? மடியேந்தி எந்தக் கோயில் வாசலில் நின்றாள்? எந்தத் தெருவில் வீடு வீடாகச் சென்று அரிசி வாங்கி எனக்கு முதற்சோறு ஊட்டினாள்? நான் பெயரைக் கொளுத்திய அன்று அவள் என்னை ஒரு கேள்வியும் கேட்கவில்லை. அடுப்பின்முன் திரும்பி உட்கார்ந்துகொண்டாள். கேட்டிருந்தால் சொல்லியிருப்பாள். இன்று சொல்ல ஒருவரும் இல்லை. ஊரார் பெயர்களின் வேரெல்லாம் தேடியவன் தன் பெயரின் வேரைத் தானே எரித்துவிட்டான்.

கடிதத்தை அத்தோடு நிறுத்திவைத்துவிட்டு, ஞாயிற்றுக்கிழமை காலை புறப்பட்டேன். திருக்கழுக்குன்றத்தில் பேருந்தை விட்டு இறங்கி, ஓர் அரிசி ஆலையில் ஒரு துணிப்பை நிறையத் தவிடு கேட்டேன். ஆலையிலிருந்தவர் என்னை மேடைகளில் பார்த்திருக்கிறார் போலும். வேட்டியையும் கறுப்புத் துண்டையும் ஒருமுறை பார்த்தார்.

“மாடு வச்சிகிறீங்களா ஐயா?”

“இல்லை. பிள்ளைக்கு.”

“ஓ, சத்துமாவுல கலக்கறதுக்கா? இப்ப எல்லாரும் அதான் வாங்கறாங்க. நார்ச்சத்து.”

பையைத் தோளில் மாட்டிக்கொண்டு சதுரங்கப்பட்டினம் போய்ச் சேர்ந்தேன்.

உன் வீட்டு வாசலில் பெயர் முதலில் முடிவானது. தேன்மொழி கைப்பேசியில் நாற்பது பெயர் எழுதி வைத்திருந்தாள். எல்லாம் ஈரெழுத்து, மூவெழுத்து. ஒவ்வொன்றின் எதிரிலும் இணையத்தில் கண்ட பொருள். ஒரே பெயருக்கு ஓரிடத்தில் ‘ஒளி’ என்றும், இன்னோரிடத்தில் ‘ஆறு’ என்றும் போட்டிருந்தார்கள். உன் நினைவு வந்தது. வண்டியில் இருந்திருந்தால் திருக்கழுக்குன்றம்வரை அதைப் பேசியிருப்போம்.

“உனக்கு எது பிடித்திருக்கிறது?” என்றேன். ஒரு தாயிடம் நான் இக்கேள்வியைக் கேட்டது அதுவே முதல்முறை.

“நிவி.”

“என்ன பொருள்?”

“மீனிங் தெரில பெரிப்பா. கூப்ட நல்லா கீது. நைனா இருந்தா மைக்குல சொல்லிப் பாத்திருக்கும்.”

என்னால் சும்மா இருக்க முடியவில்லை. பழந்தமிழில் நிவத்தல் என்றால் உயர்தல். நிவந்த குன்று என்பார்கள். அந்த வேரிலிருந்து இப்பெயர் எழுந்திருக்கக் கூடும் என்றேன். தேன்மொழி என்னைப் பார்த்தாள். உன் பார்வை அது. உண்மையில் அப்படி எழவில்லை, நான்தான் இப்போது எழுப்பினேன் என்று ஒப்புக்கொண்டேன். “பரவால்ல, யாரனா கேட்டா அதயே சொல்லிக்கறேன்” என்று கட்டத்தில் நிரப்ப வேண்டிய இரண்டெழுத்தை விண்ணப்பத்தில் எழுதினாள். எழுத்துகள் கட்டத்தின் ஓரத்தில் அடங்கிவிட்டன.

பிறகு பையை அவிழ்த்தேன். சவரியம்மாள் வீட்டு மருமகள் தன் வீட்டு முறத்தை எடுத்துவந்து தந்தாள். தவிட்டை அதில் கொட்டி வாசற்படியில் வைத்தேன். பக்கத்து வீட்டார் இருவர் வந்து நின்றார்கள். நாலைந்து பேர் சேர்ந்தால் பேசத் தொடங்கிவிடும் வாய் எனக்கு. அன்று அது திறக்கவில்லை. கடைசியில் சவரியம்மாள் சொன்னதையே, அவர் சொன்ன தமிழிலேயே சொன்னேன்.

“இந்தத் தவுட்டுக்கு இந்தப் புள்ளய நான் வாங்கிக்கினேன். இது இனிமே என் புள்ள.”

தேன்மொழி முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். குழந்தை முறத்தில் விரலால் கோடு கிழித்துக்கொண்டிருந்தாள். அவள் அருகே முழந்தாளிட்டேன். எலும்பு நொடித்த ஓசையில் அவள் நிமிர்ந்து பார்த்தாள். உன் காதில் ஒன்று சொல்லட்டுமா என்றேன். கைப்பேசியை ஒட்டுவதுபோல் முடியை ஒதுக்கிக் காதைக் காட்டினாள்.

சொன்னேன். நாற்பதாண்டு திடல்களை நிரப்பிய தொண்டை. அதற்குத் தாழ்ந்த குரல் என்று ஒன்று பழக்கமே இல்லை. அவள் துள்ளிக் காதைப் பொத்திக்கொண்டாள்.

“கத்தாத தாத்தா! காது வலிக்குது.”

நின்றிருந்தவர்கள் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். இரண்டாம் முறை மூச்சைப் பிடித்துக்கொண்டு சொன்னேன். குரல் எழாமல் காற்றாகவே போயிற்று. அவளுக்குக் கூசியது. கழுத்தைச் சுருக்கி, “இன்னோரு வாட்டி” என்றாள்.

மூன்றாம் முறை, உன் தெருவில் ஒருவரை ஒருவர் எப்படி அழைப்பார்களோ அப்படி, ஒரு வீட்டிலிருந்து அடுத்த வீட்டுக்குக் கேட்கும் அளவுக்கு, அவசரமின்றி அழைத்தேன்.

“தவுடு.”

அவள் முகத்தைத் திருப்பி, நேராக என் கண்ணைப் பார்த்து, ஏதோ வேலையாக இருந்தவளை அழைத்துவிட்டதைப்போல் கேட்டாள்:

“இன்னா?”

அந்தச் சொல்லைத்தான் எடுத்துக்கொண்டு வந்திருக்கிறேன், நண்பா. உனக்குத் தருவதற்கு இல்லை; அது நான் அழைத்ததற்கு எனக்கு வந்த விடை.